சத்தமில்லாமல் விழத் தெரிந்தவர்

நைனா திருவிழாவில் விழுந்தாராம், ஜனங்கள் கை தட்டினார்களாம். சொன்னவன் லூயிஸ், கப்பலில் வேலை பார்க்கும் எங்கள் தெருப் பையன். அவன் அதைப் பார்க்கவில்லை. அன்றைக்கு அவன் கடலில் இருந்தான். அவனுடைய மச்சான் ஸ்டானிஸ்லாஸ் ராயபுரத்திலிருந்து எழுதிய கடிதம் லிவர்பூலில் கப்பலுக்கு வந்திருந்தது. ஸ்டானிஸ்லாஸும் பார்த்தவனில்லை. தேருக்குப் பின்னால் வந்தவன், முன்னால் போனவர்கள் சொல்லக் கேட்டதை எழுதியிருந்தான். இப்படிக் கை மாறிக் கை மாறி வந்த செய்தியை, 1975 ஜூலையில் ஒரு செவ்வாய்க்கிழமை சாயங்காலம், வட இங்கிலாந்தில் நர்சுகள் விடுதியின் நடையில் மாட்டியிருந்த போனில் நான் கேட்டேன்.

"ஐரீனக்கா, பதறாத. மாமுக்கு ஒண்ணும் இல்லன்றாங்க. தேர் திரும்புற முனைல வுழுந்திச்சாம். மாமு ரொம்ப நாளு கழிச்சு சோக்கு காட்டுதுன்னு அல்லாரும் தட்டிகினு இருந்திருக்காங்க."

"அப்பால எழுந்தாரா?"

"நாலு பேரு தூக்கி வூட்டுல வுட்டாங்களாம். அதுலேர்ந்து பேச்சே இல்லியாம். ஆனா மாமு என்னிக்குக்கா பேசிச்சு, சொல்லு?"

"ஆஸ்பத்திரிக்கு இட்டுகினு போனாங்களா?"

"எதுக்கு? அடி கிடி ஒண்ணும் படலியே. அடைக்கலமேரிதான் கஞ்சி குடுக்குதாம். வயசாச்சு, முறைச்சிகினு கீதுன்னு எழுதிகீறான்."

"லூயிஸு, வுழுந்தப்புறம் காலு ஆட்டினாரா?"

"ஆட்டிச்சாம்க்கா! ரெண்டு தபா. அதான தட்டினாங்க."

அவனிடம் இருந்த சில்லறை அத்தோடு தீர்ந்துவிட்டது. போன் கீ கீ என்று கத்திவிட்டு அறுந்தது. நான் ரிசீவரைப் பிடித்தபடியே நின்றேன்.

நான் நர்ஸ். அறுபத்திரண்டு வயதில், வெயிலில் நடந்து வந்த மனிதர் சட்டென்று விழுந்து, கால் வெட்டி இழுத்து, பிறகு பேச்சில்லாமல் கிடக்கிறார் என்றால் அது பக்கவாதம் என்று எனக்குத் தெரியும். எங்கள் தெருவில் யாருக்கும் அது தெரிந்திருக்க வழியில்லை. அவர்களுக்குத் தெரிந்த கஸ்பாருக்கு, என் அப்பாவுக்கு, விழுவது தொழில். காலை ஆட்டுவது அவருடைய முத்திரை. அதோடு, அவர் பதின்மூன்று வருஷமாக ஏன் விழாமல் இருந்தார் என்கிற விஷயம் இந்த உலகத்தில் இரண்டே பேருக்குத்தான் தெரியும். ஒருவருக்குப் பேச்சில்லை. இன்னொருத்தி நான்.

நைனா பிறந்தது 1913-ல், ராயபுரத்தில் கல்மண்டபத்துக்குப் பின்பக்கம் ஒரு சந்தில். இருபத்திரண்டு வயது வரை துறைமுகத்தில் மூட்டை தூக்கினார். அப்போதுதான் சென்னையில் பேசும் பட ஸ்டூடியோக்கள் வர ஆரம்பித்திருந்தன. கீழ்ப்பாக்கத்துப் பக்கம் ஒரு ஸ்டூடியோவில் ஆள் எடுக்கிறார்கள் என்று யாரோ சொல்ல, நடந்தே போனார். கிடைத்த வேலை காக்கா ஓட்டுவது.

இப்போது சொன்னால் சிரிப்பார்கள். அப்போது அது முக்கியமான உத்தியோகம். வெளிச்சத்துக்கு வெயிலை நம்பி, மேல்கூரை இல்லாத கொட்டகையில் படம் பிடித்தார்கள். நடிகர் உருகி உருகி வசனம் பேசும்போது மேலே ஒரு காக்கா கத்தினால் அதுவும் மைக்கில் ஏறிவிடும். முதலிலிருந்து எடுக்க வேண்டும். மதிலின் மேல் உட்கார்ந்து, மூங்கில் கழி நுனியில் கறுப்புத் துணியைச் செத்த காக்கா மாதிரி கட்டி ஆட்டிக்கொண்டே இருக்க வேண்டும். வாயைத் திறந்து 'சூ' என்று சொல்லக் கூடாது. இருமக் கூடாது. கீழே காதில் கருவியை மாட்டிக்கொண்டு சவுண்டுக்காரர் ஒருவர் உட்கார்ந்திருப்பார். பம்பாய்க்காரர். நைனா அவருக்கு வைத்த பெயர் காது சேட்டு.

"கொசு சிறகு அடிச்சாக்கூட அந்தாளுக்குக் கேக்கும்" என்பார் நைனா. "நானு ரெண்டு வருசம் அந்தாளுக்குப் பயந்து மூச்சு வுட்டுகினு இருந்தேன்."

ஒருநாள் மதிலில் செங்கல் பெயர்ந்து, படம் ஓடிக்கொண்டிருக்கும்போதே நைனா செட்டுக்குள் விழுந்தார். பத்தடி உயரம். வேறு யாராயிருந்தாலும் அலறியிருப்பார்கள். நைனாவுக்கு அந்த நொடியிலும் காது சேட்டுதான் ஞாபகம். மூச்சை வெளியே விட்டு, முழங்கால், இடுப்பு, தோள் என்று ஒவ்வொன்றாகத் தரையில் வைத்து, வைக்கோல் சரிகிற மாதிரி விழுந்தார். செட்டுக் கயிறு ஒன்றில் மாட்டிக்கொண்ட ஒரு கால் மட்டும் இரண்டு தரம் உதறியது. பெரிய நகைச்சுவை நடிகர் கிருஷ்ணப்பன், பேசிக்கொண்டிருந்த வசனத்தை நிறுத்தாமலே திரும்பிப் பார்த்தார். மொத்தக் கொட்டகையும் சிரிப்பை அடக்கிக்கொண்டு குலுங்கியது. டைரக்டர் அதை அப்படியே வைத்துக்கொண்டார்.

அந்தக் காலத்தில் பெரிய படத்துக்கு முன்னால் இரண்டு ரீல் சிரிப்புப் படம் ஒன்று ஓடும். கிருஷ்ணப்பன் அப்படிப்பட்ட படங்களில் ராஜா. அவற்றில் பதினொன்றில் நைனா இருந்தார். ரிக்‌ஷாவிலிருந்து விழுந்தார், பரணிலிருந்து விழுந்தார், கல்யாணப் பந்தலில் மாப்பிள்ளையின் கையைக் குலுக்கிவிட்டு விழுந்தார். எல்லாமே சத்தமில்லாமல். பலகை செட்டில் ஆள் தொப்பென்று விழுந்தால் அந்த இரைச்சலை மைக் தாங்காது. ஆகவே விழுவது ஒருவர், சத்தம் கொடுப்பது இன்னொருவர். கொட்டகையின் கோடியில், காது சேட்டு சாக்பீஸால் போட்ட வட்டத்துக்குள் நின்று, நைனாவின் தோள் தரையைத் தொடும் கணத்தில் டிரம்மில் ஒரு அடி கொடுத்தவர் தாமஸ். எங்கள் தெரு பேண்டு செட்டில் டிரம் வாசித்தவர். நைனா சொல்லித்தான் அவருக்கும் வேலை கிடைத்தது.

ஞாயிற்றுக்கிழமை பூசை முடிந்து தாமஸ் எங்கள் வீட்டுக்கு வந்தால் இந்தக் கதைதான்.

"இவன் வுழுவான், நான் அடிப்பேன். இவன் முதுகுதான் அப்புடி சத்தம் போடுதுன்னு ஜனங்க நெனச்சிகினு கீறாங்க. நோவு மெய்யாலும் ஏங்கையிலதான் சிலுவையம்மா!"

"வுழுந்தது எம் புருசன், நோவு உனுக்கா? நல்லா கீதே நாயம்" என்பாள் அம்மா.

"இவன் கைய கால அசைக்கத்தான் லாயக்கு. வாயத் தொறந்தா கம்பெனியே மூடியிருக்கும்."

எல்லோரும் சிரிப்பார்கள். நைனாவும் சிரிப்பார். ஆனால் அந்த வாய் விஷயத்துக்கு மட்டும் அவர் சிரிப்பு கொஞ்சம் தாமதமாக வரும்.

அதற்குக் காரணத்தை எனக்குச் சொன்னது அம்மா. கிருஷ்ணப்பன் தெற்குச் சீமை நாடகக் கம்பெனியிலிருந்து வந்தவர். மத்தியானம் சாப்பிடும்போது நைனாவைப் பக்கத்தில் உட்கார வைத்துக்கொள்வாராம். "சும்மா பேசிட்டே இருப்பா கஸ்பாரு. உன் பாஷை தொட்டுக்க ருசியா இருக்கு." நைனா பேசினார். மீன் ஏலத்தில் பெண்கள் போடுகிற சண்டை, படகுக்காரர் மாமியாரைத் திட்டுகிற விதம், பேசின் பிரிட்ஜ் ரயில் யார்டில் கலாசிக் கூலிகளின் கிண்டல், எல்லாவற்றையும் பேசினார். அடுத்த படத்தில் கிருஷ்ணப்பன் ரிக்‌ஷாக்காரராக வந்து அத்தனையும் பேசினார். 'இன்னா', 'கீது', 'பேஜாரு' என்று ஒவ்வொரு சொல்லுக்கும் கொட்டகை இரண்டுபட்டது. ராயபுரத்தில் படம் ஓடியபோது தரை டிக்கெட்டிலிருந்து ஒருத்தன் எழுந்து கத்தினானாம்: "ஏ, இது நம்ம கஸ்பாரு பேச்சுடா! அந்தாளு வாயில கீது!"

திரையில், அந்த வாய்க்குப் பக்கத்திலேயே, நைனா ஓசையில்லாமல் விழுந்துகொண்டிருந்தார்.

தனக்கும் ஒரு வசனம் வேண்டும் என்று ஒரே ஒரு தடவை கேட்டிருக்கிறார். கொடுத்தும் விட்டார்கள். ஒன்பதாவது படம். கிருஷ்ணப்பன் இருட்டு வீட்டுக் கதவைத் தட்டி, "உள்ளே யாரு?" என்று கேட்பார். நைனா உள்ளேயிருந்து, "நான் கீறேன்" என்று சொல்லிக்கொண்டு வெளியே வந்து விழ வேண்டும். அவ்வளவுதான். ஒரு வாரம் வீட்டில் அதையே சொல்லிப் பார்த்தாராம். உரக்க, மெல்ல, பயந்த மாதிரி, கோபமாக. கல்யாணமாகிப் புதிதாக வந்திருந்த அம்மா, "கீறியே, தெரியுது, போய்க் கொயா தண்ணி புடி" என்று விரட்டியிருக்கிறாள். படம் எடுக்கிற அன்று ஒத்திகையில் நைனா அதைச் சொன்னதும் டைரக்டர் கையைக் காட்டி நிறுத்திவிட்டார்.

"வேணாம்பா. அவர் பேசினா தமாஷ். நீ பேசினா அசிங்கமா இருக்கு. நீ விழு."

கதவைத் தட்டியதற்குப் பதில் வரவில்லை. டிரம் சத்தம்தான் வந்தது. அந்தப் படத்துக்கும் ஜனங்கள் சிரித்தார்கள்.

பிறகு யுத்தம் வந்தது. பிலிம் சுருள் கிடைக்காமல் போக, சிரிப்புப் படங்கள்தான் முதலில் நின்றன. நைனா துறைமுகத்துக்குத் திரும்பினார். இந்தத் தடவை மூட்டை இல்லை. கப்பல் தளத்தின் ஓரத்தில் நின்று, அடியில் இருக்கிற ஆட்களையும் மேலே சரக்கு தூக்கும் விஞ்ச் ஓட்டுகிறவரையும் ஒரே நேரத்தில் பார்த்துக் கைச்சாடை காட்டும் வேலை. ஆட்காட்டி விரலை வானத்தைப் பார்த்துச் சுற்றினால் ஏற்று. உள்ளங்கையைக் கவிழ்த்தால் நிறுத்து. விஞ்ச் இரைச்சலில் தொண்டை எதற்கும் உதவாது. முப்பது வருஷத்தில் அவர் கையை நம்பி நின்ற ஒருவருக்கும் அடிபட்டதில்லை. இதை அவர் சொன்னதில்லை. ஓய்வு பெற்ற அன்று அவருக்கு மாலை போட்டவர்கள் சொன்னார்களாம்.

அந்தப் பதினொரு படங்களில் ஒன்றுகூட இப்போது இல்லை. நான் ஒன்றையும் பார்த்ததில்லை. எனக்குத் தெரிந்ததெல்லாம் கல்யாண வீடுகளில் அவர் விழுந்ததுதான். விருந்து பாதியில் இருக்கும்போது யாராவது ஆரம்பிப்பார்கள்: "மாமு, ஒரு தபா வுழு மாமு!" மாட்டேன் மாட்டேன் என்று கொஞ்சம் பிகு பண்ணிவிட்டு, சோடா பாட்டில் தட்டையோ வெற்றிலைத் தாம்பாளத்தையோ கையில் வாங்கிக்கொண்டு, யாரும் எதிர்பாராத இடத்தில் சரிவார். தட்டு அலுங்காது. ஆள் அசையாமல் கிடப்பார். மொத்தக் கூட்டமும் மூச்சைப் பிடித்துக்கொண்டு அவருடைய வலது காலையே பார்க்கும். அது இரண்டு தரம் உதறும். பிறகுதான் கைதட்டல். கால் உதறும் வரை தட்டக் கூடாது என்பது எங்கள் தெருவில் குழந்தைக்குக்கூடத் தெரியும்.

1962-ல் அடைக்கலமேரியின் கல்யாணம். அவள் என் பெரியம்மா மகள். எனக்கு அப்போது பதினேழு வயது. நான் படித்த கான்வென்ட் பள்ளிக்கூடத்திலிருந்து இரண்டு சிஸ்டர்கள் வந்திருந்தார்கள். அவர்கள் பக்கத்தில் நான் இங்கிலீஷில் பதில் சொல்லிக்கொண்டு, புடவை நுனியை மடித்து மடித்து வைத்துக்கொண்டு உட்கார்ந்திருந்தேன். நைனா பாயசக் கிண்ணங்களோடு எங்கள் வரிசைக்கு முன்னால் வந்து விழுந்தார். ஒரு சொட்டுச் சிந்தவில்லை. சிஸ்டர் ஒருத்தி பயந்து சிலுவை போட்டுக்கொண்டாள். அப்புறம் கால் ஆடியது. கூட்டம் கத்தியது. சிஸ்டர் என்னிடம் குனிந்து, "யார் இந்த மனிதர்?" என்று கேட்டாள். தெரியாது என்று சொன்னேன்.

நைனா தரையில்தான் கிடந்தார். காது கேட்கிற தூரம்.

திரும்பும்போது ரிக்‌ஷாவில் நான்தான் பேச்சை எடுத்தேன். நான் சொன்ன பொய்யைப் பற்றி அவர் கேட்பதற்கு முன்னால் எதையாவது சொல்லிவிட வேண்டும்போல இருந்தது.

"இனிமே வுழாதீங்க நைனா. எனுக்கு வெக்கமா கீது."

"சரி கண்ணு."

"யாரு கேட்டாலும்."

"சரின்னுட்டன் இல்ல? வுடு. வுழல."

விழவில்லை. அதற்குப் பிறகு எத்தனை கல்யாணம், எத்தனை திருவிழா! கெஞ்சியிருக்கிறார்கள், கேலி செய்திருக்கிறார்கள். "மாமுக்கு இடுப்பு போச்சுடா", "பொண்ணு கான்வென்ட்டு, நைனா கலெக்டரு". அவர் கையைக் கவிழ்த்துக் காட்டுவார், நிறுத்து என்கிற சாடை. காரணம் சொன்னதில்லை. 1964-ல் அம்மாவை அடக்கம் செய்யும்போது குழி ஓரத்தில் மண் சரிந்து அவர் ஒரு முழங்காலை ஊன்றினார். பின்னால் யாரோ சிரிப்பை அடக்குகிற சத்தம் எனக்குக் கேட்டது. அவருக்கும் கேட்டிருக்கும். எழுந்து மண் எடுத்துப் போட்டார்.

நான் இங்கிலாந்துக்குக் கிளம்பியது 1969-ல். மீனம்பாக்கத்தில் கம்பிக்கு அந்தப் பக்கம் நின்று எல்லோரும் ஏதேதோ கத்தினார்கள். விமான இரைச்சலில் ஒன்றும் காதில் விழவில்லை. நைனா மட்டும் கத்தவில்லை. ஆட்காட்டி விரலை வானத்தைப் பார்த்து மெதுவாகச் சுற்றினார். ஏற்று. ஜாக்கிரதையாக ஏற்று.

வந்த நாளிலிருந்து எனக்கு ஒரே கவலை. இங்கே ஒரு நோயாளி இருமினால் அங்கே அவர் இருமுகிறாரோ என்று தோன்றும். கடிதம் பத்து நாள் எடுக்கும். நலம் என்று எழுதியிருப்பது பத்து நாளுக்கு முந்திய நலம். 1972 கிறிஸ்துமஸுக்கு எப்படியாவது அவர் குரலைக் கேட்டுவிடுவது என்று தீர்மானித்தேன். எங்கள் வீட்டுக்கு எதிரே பக்ருதீன் மருந்துக் கடையில் போன் உண்டு. தேதி, மணி எல்லாம் முன்கூட்டியே எழுதி, டிரங்க் கால் பதிவு செய்து, ஆறு மணி நேரம் காத்திருந்து, லைன் கிடைத்தது. மூன்று நிமிஷம்.

"ஐரீனாம்மா! நல்லா கீறியா? இரு, நைனா பக்கத்துலதான் நிக்கிறாரு. கஸ்பாரண்ணே, புடிண்ணே. பேசுண்ணே."

"நைனா? நான் ஐரீன். கேக்குதா?"

மூச்சுச் சத்தம் கேட்டது. வேறொன்றுமில்லை.

"நைனா, பேசுங்க. கேக்குதா நைனா?"

தூரத்தில் துறைமுகச் சங்கு ஊதியது. யாரோ சைக்கிள் மணி அடித்துக்கொண்டு போனார்கள். மூச்சு மட்டும், அளந்து விடுகிற மூச்சு. பக்ருதீன் பக்கத்திலிருந்து, "இன்னாண்ணே இது, பொண்ணு சீமைலேர்ந்து கூப்புடுது, ஒரு வார்த்த பேசுண்ணே" என்று கெஞ்சுவது கேட்டது. நான் கத்தினேன், அழுதேன், பிறகு கோபம் வந்து நானும் பேசாமல் இருந்தேன். மூன்று நிமிஷம் முடிந்தது.

பக்ருதீன் பிறகு எழுதினார். ரிசீவரை வாயருகில் வைத்ததும் அண்ணன் அப்படியே விறைத்துப் போய்விட்டாராம். வெளியே போன் கம்பியில் ஒரு காக்கா உட்கார்ந்திருக்கிறது. மூன்று நிமிஷமும் அண்ணன் அதையே பார்த்துக்கொண்டு, இன்னொரு கையால் அதைச் சத்தமில்லாமல் ஓட்டிக்கொண்டிருந்தாராம்.

நான் நைனாவுக்குக் கோபமாக ஒரு கடிதம் போட்டேன். அவர் பதில் போட்டார். பெரிய பெரிய எழுத்து, நாலே வரி. 'கண்ணு, மைக்கு முன்னாடி பேசி பயக்கம் இல்ல. தப்பா எடுத்துக்காத. அடுத்த தபா கண்டிப்பா நான் கீறேன்னு சொல்லிட்றன். சொல்லிப் பாத்துகினு கீறேன்.'

அடுத்த தடவை என்று ஒன்று வரவில்லை. வேலை மாற்றம், பரீட்சை, இரவல் அறை, அடுத்த கிறிஸ்துமஸ், அதற்கடுத்த கிறிஸ்துமஸ். அவர் சொல்லிப் பார்த்துக்கொண்டிருந்திருப்பார்.

இந்த ஜூனில் தேர் திரும்புகிற முனையில் நடந்ததை என்னால் கண்ணால் பார்க்க முடிகிறது. யாரும் கேட்காமலே மாமு விழுகிறார். பதின்மூன்று வருஷம் கழித்து! சத்தமே இல்லை, பழைய மாதிரியே. பேண்டுக்காரர்கள் வாசிப்பை நிறுத்தியிருப்பார்கள். எல்லோரும் மூச்சைப் பிடித்துக்கொண்டு வலது காலைப் பார்த்திருப்பார்கள். அது உதறியதும் கை தட்டினார்கள். என்ன தப்பு அதில்? நான் அங்கே நின்றிருந்து, ரிக்‌ஷாவில் நடந்த பேச்சு எனக்குத் தெரியாமல் இருந்திருந்தால், நானும் தட்டியிருப்பேன். தரையில் கிடந்தவருக்கு அந்தக் கைதட்டல் கேட்டிருக்கும். கேட்கிற தூரம்தான்.

அவர் நடிக்கவில்லை, எனக்கு வாக்குக் கொடுத்திருக்கிறார், உடனே தூக்கிக்கொண்டு ஓடுங்கள் என்று யாராவது ஒருவரிடம் சொல்ல வேண்டும். செவ்வாய்க்கிழமை இரவே தந்தி எழுதி வைத்து, புதன்கிழமை காலையில் பக்ருதீன் பெயருக்கு அடித்தேன். பதில் இல்லை. கொடுத்தார்களா என்றும் தெரியவில்லை. டிரங்க் கால் பதிவு செய்தேன். அந்த வாரம் சென்னைக்கு லைன் கிடைப்பதே பாடாக இருந்தது. புதன் கிடைக்கவில்லை. வியாழன் ஒரு தடவை பம்பாய் வரை போய் அறுந்தது. லூயிஸின் கப்பலுக்குச் சொல்லி அனுப்பினேன், கப்பல் கிளம்பிவிட்டிருந்தது. டூட்டிக்குப் போகவில்லை. நடையில் போனுக்கு அடியில் நாற்காலி போட்டு உட்கார்ந்திருந்தேன். யாராவது போன் செய்ய வந்தால் அவர்களை முறைத்தேன்.

எதிரே ஆள் எடுத்ததும் சொல்ல வேண்டியதைக் காகிதத்தில் எழுதி வைத்திருந்தேன். முதல் வரி, நைனா நடிக்கல. இரண்டாவது வரி, பெரியாஸ்பத்திரி. மூன்றாவது, முடிந்தால் ரிசீவரை அவர் வாயருகே கொண்டுபோய் வையுங்கள். கடைசி வரி பைத்தியக்காரத்தனம் என்று எனக்கே தெரியும். எங்கள் வீட்டு மாடியிலிருந்து அவரை இறக்கக் கூடாது. ரிசீவர் கம்பி தெருவைத் தாண்டி எட்டாது. அதை அடித்துவிட்டு மறுபடியும் எழுதினேன்.

வெள்ளிக்கிழமை காலை எட்டு இருபதுக்கு மணி அடித்தது. நான் முதல் மணியிலேயே எடுத்தேன்.

"மெட்ராஸ் லைன் கிடைத்துவிட்டது. காத்திருங்கள்" என்றாள் ஆபரேட்டர். இங்கிலீஷ்தான், ஆனால் அவள் குரலில் ஏதோ ஒரு கருணை இருந்தது போல எனக்குப் பட்டது.

கடலுக்கடியிலிருந்து வருகிற மாதிரி ஒரு இரைச்சல். பிறகு அந்த ஊர் மணி. நம் ஊர் டெலிபோன் மணியின் சத்தமே வேறு. கடைக்கு எதிரே எங்கள் வீட்டு மாடியில் படுத்திருந்தால் கேட்கும். சின்ன வயதில் நான் அங்கே படுத்துக்கொண்டு அதைக் கேட்டிருக்கிறேன்.

யாரும் எடுக்கவில்லை.

இங்கே எட்டு இருபது என்றால் அங்கே மத்தியானம் பன்னிரண்டு ஐம்பது. கடை திறந்திருக்கிற நேரம். அப்போதுதான் உறைத்தது, இன்று வெள்ளிக்கிழமை. பக்ருதீன் ஜும்ஆத் தொழுகைக்குப் போயிருப்பார். பன்னிரண்டரைக்குக் கதவை இழுத்துவிட்டு, ஒன்றரைக்குத்தான் வருவார். நாற்பது வருஷப் பழக்கம். அதுதான். அதைத் தவிர வேறொன்றும் இருக்காது என்று எனக்கே சொல்லிக்கொண்டேன். ஆனால் எங்கள் தெருவில் சாவு விழுந்தாலும் கடைக்காரர்கள் கதவை இழுத்துவிட்டு சாவு வீட்டு வாசலில் போய் நிற்பார்கள். பக்ருதீன் முதல் ஆளாக நிற்பார். அதுவும் நாற்பது வருஷப் பழக்கம்.

"பதில் இல்லையே. பிறகு முயற்சி செய்யட்டுமா?" என்றாள் ஆபரேட்டர்.

"வேண்டாம். தயவுசெய்து அறுக்காதீர்கள். மணி அடிக்கட்டும்."

"எவ்வளவு நேரம்?"

மூச்சுச் சத்தம் கேட்காதபடி வாயை ரிசீவரிலிருந்து கொஞ்சம் தள்ளி வைத்துக்கொண்டேன். அந்தப் பக்கம் யாராவது எடுத்து, பேசாமல் நின்றாலும் போதும். யார் என்று எனக்குத் தெரிந்துவிடும்.

பூட்டிய கடைக்குள் மணி அடித்துக்கொண்டிருந்தது.